பதினொரு காவலர்களின் அக்கா

அலுவலகத்தின் இரும்பு அலமாரிக்குப் பின்னால் குந்தியபடி, மூச்சை அடக்கிக்கொண்டு விரல்விட்டு எண்ணுகிறார் அக்கா. நடைபாதையில் கணக்காளர் தண்ணீர் பாட்டிலோடு வருகிறார், நிற்கிறார், முதுகைச் சொறிகிறார், திரும்புகிறார். "ஆறு நொடி!" என்று அக்கா துள்ளி எழ, பாட்டில் கீழே விழுகிறது.

"ஏம்மா, என் உசுர வாங்கிட்டுத்தான் உன் கேம் வெளிய வருமா?"

நாங்கள் வீடியோ கேம் செய்கிறோம். ஆட்டத்தின் விதிகளை வகுப்பவர் அக்கா. நானூறு ஆண்டுகளுக்கு முந்தைய கோட்டைக்குள் ஓர் ஒற்றன் ஒளிந்து நுழைகிறான். முதல் பாகத்தில், எதிரே வந்தவனையெல்லாம் கத்தியால் குத்திச் சாய்க்கலாம். நன்றாக விற்றது. இரண்டாம் பாகத்தில் அக்கா கைவைத்துவிட்டார். இப்போது ஒருவனைக் குத்தினால், அலறல் கேட்டுக் கோட்டையே திரண்டு வரும். காவலர்கள் பதினொரு பேர். ஒருவன் கொட்டாவி விடுவான், ஒருவன் செருப்பில் சிக்கிய கல்லைத் தட்டுவான், ஒருவன் நாயோடு பேசுவான். அந்தச் சில நொடிகளில் நழுவிப் போக வேண்டும். எல்லாம் எங்களிடமிருந்து திருடியவை. நாய்ப் பேச்சு மட்டும் அவருடைய அப்பாவினுடையது.

மதியச் சாப்பாட்டை நின்றுகொண்டேதான் சாப்பிடுவார். கோபம் வந்தால் கத்த மாட்டார். குரல் இன்னும் தணியும். எங்களுக்கு அதுதான் பயம்.

இன்று முதலாளியே ஆடிப் பார்க்க உட்கார்ந்தார். ஐந்து மணிக்குள் அவரால் கோட்டையைக் கடக்க முடியாவிட்டால் பழைய கத்திச் சண்டை திரும்பி வரும். அக்காவின் இரண்டு வருட உழைப்பு குப்பைக்குப் போகும்.

நாலரைக்குள் ஒன்பது முறை மாட்டிக்கொண்டார். காவலனைக் கண்டதும் பழக்கதோஷத்தில் அவர் கட்டைவிரல் கத்திப் பொத்தானை அமுக்கிவிடுகிறது.

"பாத்தியா? குத்தாம யாரும்மா ஆடுவா?"

"நீங்க அவன பாக்கவே இல்லியே சார். கண்ட உடனே குத்துறீங்க."

"என்னத்த பாக்கறது? அவன் என்ன எனக்கு மாப்பிள்ளையா? விட்ரும்மா, கத்தியவே வெச்சுக்கலாம்."

"இன்னும் அரை மணி நேரம் இருக்கு சார்." அக்காவின் குரல் தணிந்திருந்தது.

முதலாளியின் கையிலிருந்து, ஆட்டத்தை இயக்கும் கன்ட்ரோலரை வாங்கினார் அக்கா. ஸ்க்ரூடிரைவரால் அதைத் திறந்து, கத்திக்கான சிவப்புப் பொத்தானை நெம்பி எடுத்துத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். மூடியைத் திருகி, கன்ட்ரோலரை முதலாளியின் மடியில் வைத்தார்.

"இப்ப ஆடுங்க."