இரண்டாம் வரியில் ஒரு கையெழுத்து

2024 பெப்ரவரி 12, திங்கள். வழக்கம்போல் காலை ஆறு மணிக்குத் தேநீர். ஏழு மணிக்கு எங்கள் வெக்ஸ்போர்ட் அடுக்குமாடிக் கட்டடத்தின் கீழ்த்தளப் பொதுச் சலவை அறையில் உடுப்புத் தோய்த்தேன். செக்யூரிட்டி சீருடையில் ஐந்தாம் மாடிக்காரர் ஐரோப்பியப் புரட்சிகள் பற்றிய தடித்த புத்தகம் வாசித்துக்கொண்டிருந்தார். சோடி தொலைந்த காலுறைதான் எப்போதும் அவருடைய பக்க அடையாளம்.

நான் உடுப்புகளை நிறவாரியாக அடுக்கினேன்.

“சட்டையளுக்கு நம்பரும் போட்டிருக்கோ, அண்ணை?” என்று சிரித்தார்.

சுவரில் வாடகை உயர்வை எதிர்க்கும் விண்ணப்பம் ஒட்டியிருந்தது. உயர்ந்தால் இருவரும் வீடு மாறவேண்டியதுதான். ஆனாலும் ஒரு கையெழுத்தும் இல்லை.

“சாப்பிடுற பாண் விலை ஏறித்தான் பிரான்சில ராசாவே விழுந்தவர்,” என்றார்.

“அப்ப கையெழுத்து வையுங்கோவன்.”

“முதல் எழும்பின ஆக்களின்ர தலை எங்க போனதெண்டும் வாசிச்சனான். இரண்டாவதெண்டா உடன வைப்பன்.”

“நானும் அப்பிடித்தான்,” என்றேன்.

மாலையில் பார்த்தேன். இரண்டாம் வரியில் அவர் கையெழுத்து இருந்தது. முதல் வரியை வெறுமையாக விட்டிருந்தார். அது பயமா, என்னை அறிந்து செய்த வேலையா என்று இன்றும் எனக்குத் தெளிவில்லை. அந்த வெற்று வரி என்னை உறங்கவிடவில்லை.

மறுநாள் காலை, தேநீருக்கும் முன்பே, பேனாவுடன் கீழே இறங்கினேன்.