தராசில் வைத்த பிள்ளை

காய்ச்சலில் கிடக்கும் பிள்ளையைத் தராசில் வைப்பது பாவமா? இன்றும் எனக்குத் தெரியவில்லை.

ஜப்பானியர் எங்கள் ஊரைப் பிடித்திருந்த காலத்தில் என் மகனுக்கு மலேரியா வந்தது. அப்போது அவனுக்கு நடக்கக்கூட வரவில்லை. ஆஸ்பத்திரியில் மலேரியா மருந்தான கொயினா படையினருக்கு மட்டுமே என்றார்கள். என் கணவர் எப்படியோ ஆஸ்பத்திரி உதவியாளரான ஒரு டிரசரிடம் சில மாத்திரைகள் வாங்கி வந்தார். குழந்தைக்கு எவ்வளவு என்று கேட்க மறந்துவிட்டார். திரும்பி ஓடியபோது டிரசர் கடல் தாண்டிப் பட்டர்வொர்த் போய்விட்டிருந்தார்.

ஜப்பானியரின் சோதனைக்குப் பயந்து வீட்டிலிருந்த ஆங்கிலப் புத்தகங்களை எரித்திருந்தோம். தாதியருக்கான கைநூல் ஒன்றை மட்டும் நான் அரிசிப் பானைக்குள் ஒளித்திருந்தேன். பானை எப்படியும் காலிதான். மருந்து கூடினால் காது கேட்காமல் போகலாம், பார்வை கெடலாம், இதயம் நிற்கலாம். குறைந்தால் காய்ச்சல் மீளும் என்று அதில் இருந்தது. அளவு பிள்ளையின் எடையைப் பொறுத்ததாம். அவன் எடை யாருக்குத் தெரியும்? கையில் தூக்கி மதிப்பிட்டேன். ஒவ்வொரு முறையும் வேறாகத் தோன்றியது.

"கிழங்குக் கடையில் நிறுத்துப் பார்க்கிறேன்" என்றதும், கணவரின் அக்கா வாசலை மறித்தார். நான் மச்சாள் என்று அழைப்பது அவரைத்தான்.

"உனக்கென்ன விசரே? கண்ணூறு படாதே? பிள்ளையைக் கிழங்கு மாதிரி நிறுக்கிறதோ! கோயில் நேர்த்திக்கெண்டால் நிறுக்கலாம்."

"நேர்த்திதான் மச்சாள்" என்று என் வாய் சொல்லிவிட்டது. "முருகனுக்கு, இவன்ரை எடைக்கு அரிசி."

"அரிசியோ? ஐயோ, கிழங்கெண்டு சொல்லியிருக்கலாமேயடி!" தலையில் அடித்துக்கொண்டு, அவரே ஏணைத் துணியை அவிழ்த்துத் தந்தார்.

டத்தோ கிராமாட் சாலைக் கிழங்குக் கடைக்காரர் துணியைத் தராசுக் கொக்கியில் மாட்டினார். மகன் வீறிட்டான்.

"என்னாக்கா, இன்னிக்குக் கிழங்கு அழுவுதே லா!" என்றவர், என் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை நிறுத்தினார். "ஆடாம புடிச்சுக்குங்க."

தராசு காட்டிய சீன எடையை, கைநூலில் இருந்தபடி இராத்தலாக்கினேன். துணியின் எடையைக் கழித்தேனா? மறுபடி கணக்கிட்டேன். மாத்திரையை வெட்டி, ஒரு துண்டைப் பொடித்து, வாழைப்பழத்தில் குழைத்து ஊட்டினேன். அதன்பின் அவன் காதருகே கையைத் தட்டினேன். திரும்பினான். சற்றுப் பொறுத்து மறுபடி தட்டினேன்.

"காய்ச்சல் விட்டாலும் நீ விடமாட்டாய் போல. பிள்ளையை நித்திரை கொள்ள விடடி" என்றார் மச்சாள்.

காய்ச்சல் விட்டது. காதும் கேட்கிறது.

போர் முடிந்த பிறகு, பங்கீட்டு அரிசியில் பிடி பிடியாக எடுத்துச் சேர்த்து வருகிறேன். மகனோ தேறி, ஓடித் திரிகிறான். நேர்ந்த அன்றைய எடை போதும் என்கிறார் கணவர். "நோயிலை மெலிஞ்ச எடையைக் காட்டிக் கடவுளை ஏய்க்கிறதோ?" என்கிறார் மச்சாள். நான் சேர்க்கச் சேர்க்க அவனும் வளர்கிறான். நேர்த்தி தீராதவரை, அவன் தும்மினாலும் எனக்கு நெஞ்சு பதறுகிறது. கைநூலில் இதற்கு விடை இல்லை. பிள்ளையின் எடைக்கு நேர்ந்து கொடுத்தவர்கள் உங்களில் யாராவது இருந்தால், நீங்கள் கொடுத்தது எந்த எடை என்று தயவுசெய்து எனக்குச் சொல்லுங்கள்.