பிளந்த பாறையும் அக்காவின் கசற்றும்

கசற்றை உள்ளே தள்ளியதும் "கடக்" என்று விழுங்கி, சூடேறிய பிளாஸ்டிக் வாசனையொன்றை வீடியோப் பெட்டி மெல்ல விடும். சுவிஸ் நாட்டு ஷ்லீரனில் ஐந்தாம் மாடியில் இருந்த எங்கள் வீட்டுக்கு ஞாயிறு மத்தியானத்தின் மணம் அதுதான், அம்மாவின் ஆட்டிறைச்சிக் கறி கோபித்துக்கொண்டாலும் சரி.

அந்த நேரம் பழைய அமெரிக்கத் தொடர்கள் ஜெர்மன் பேசிக்கொண்டு தொலைக்காட்சியில் வரும். ஒரு கிழமை குதிரைக்காரர், மறு கிழமை பேய், அதற்கடுத்தது விண்வெளி. பத்து வயதில் எனக்கொரு "விசர்": தொடக்கத்தில் விழும் இயக்குநர் பெயரைக் கொப்பியில் எழுதி வைப்பேன். மூன்று தொடரிலும் ஒரே பெயர் கிடந்ததைக் கண்டு, இவ்வளவையும் ஒரு மனிதரே எடுத்துத் தள்ளியிருக்கிறார் என்று பூரித்துப்போனேன். நாலு வயது மூத்த அக்கா நம்பவில்லை.

"ஒரே பேரிலை ரெண்டு பேர் இருக்க மாட்டினமோ? எங்கடை சொந்தத்துக்குள்ளையே நாலு சிவகுமார் இருக்கினம்."

நான் விடவில்லை. அந்த இயக்குநரின் குதிரைக் கதையில் திருடன் ஒளிந்த, நடுவே பிளந்த பாறையொன்றைக் கொப்பியில் கீறி வைத்திருந்தேன். அக்கா நடன வகுப்புக்குப் போயிருந்த ஒரு ஞாயிறு, விண்வெளிக் கதையில் அவர் பெயர் விழுந்தது; பின்னால், வேற்றுக் கிரகத்தில், அதே பிளந்த பாறை வந்து நின்றது. கைக்கு எட்டிய கசற்றைச் செருகி அந்தத் துண்டை மட்டும் பதிந்தேன்.

மாலையில் அக்காவை இருத்திப் போட்டுக் காட்டினேன். விண்வெளிக்காரன் பாறைக்குப் பின்னால் பதுங்கினான். படம் ஒருதரம் நடுங்கியது. பச்சைச் சேலையில் தலைகுனிந்தபடி அக்கா வந்தாள்.

அது அவள் பெரியபிள்ளையானபோது செய்த சடங்கின், "சாமத்திய வீட்டு"க் கசற், கொழும்பு மாமிக்கு அனுப்பவென்று அப்பா எடுத்து வைத்திருந்தது, வேறு பிரதியும் இல்லை. அக்கா கசற்றை முன்னும் பின்னும் ஓட்டிப் பார்த்தாள்.

"நான் அழுத இடம்தானே போனது? நல்லதாப் போச்சு. அப்பாட்டைச் சொல்லாதை." பிறகு, பெரிய மனசுபண்ணி, "கல்லு அதுதான்" என்று ஒத்துக்கொண்டாள்.

கசற் கொழும்புக்குப் போனது. இரண்டு மாதம் எனக்குச் சோறு இறங்கவில்லை. மாமியின் கடிதம் வந்ததும் அப்பா சாப்பாட்டு மேசையில் உரத்து வாசித்தார்: "பிள்ளை நல்ல வடிவு. நடுவிலை கல்லுக்குப் பின்னாலை ஒளிச்ச வெள்ளைக்காரப் பொடியனுக்கு என்ன நடந்தது? மிச்சத்தையும் அனுப்பிவிடுங்கோ, இஞ்சை எல்லாரும் கேக்கினம்."

அப்பா கண்ணாடியைக் கழற்றினார். "எந்தக் கல்லு?"

சொன்னேன். ஏச்சு தாராளமாகக் கிடைத்தது. அடுத்த ஞாயிறு அவரும் வந்து பக்கத்தில் குந்தி, "இது உன்ரை ஆள் எடுத்ததோ?" என்று கேட்டார்.

இன்று அந்தப் பெயரைக் கைபேசியில் தட்டினால் அவர் வரலாறே வந்து விழுகிறது. குதிரையும் பேயும் ராக்கெட்டும் ஓட்டியது ஒரே ஆள்தான், வென்றது நான். வீடியோப் பெட்டி எப்போதோ குப்பைக்குப் போய்விட்டது. மாமியிடம் இருந்த கசற்றும் பூஞ்சணம் பிடித்துப் பாழாகிவிட்டதாம்.

போன மாதம் அந்த விண்வெளிக் கதையைத் தேடிப் பிடித்து, அக்கா வீட்டுக் குசினியில், அடுப்போரமாக, இருவரும் பார்த்தோம். பாறை வந்தது. விண்வெளிக்காரன் அதன் பின்னால் பதுங்கினான்.

"இப்ப நான் வரவேணும்" என்றாள் அக்கா.

இருவரும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தோம். கதை தன்பாட்டில் போய்க்கொண்டிருந்தது.