மகஜரில் வராத துணி

அன்று மாலை வேலையிலிருந்து வந்த பெரியம்மா செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே நின்று தன் வலது கையை முகர்ந்து பார்த்தது இன்னும் என் கண்ணிலேயே நிற்கிறது. இரண்டு தரம் சோப்புப் போட்டுக் கழுவியும் வாசம் போகவில்லை என்றாள். என்ன வாசம் என்று கேட்டேன். தாய்ப்பால் என்றாள்.

மாமல்லபுரத்தில் கடற்கரைக்குப் போகும் தெருவில் ஒரு லாட்ஜ். அறைகளைப் பெருக்கித் துடைப்பது அவள் வேலை. அன்று மதியம் போதைப்பொருள் கேஸ் பிடிக்கிற போலீஸ் வந்து ஓர் அறையைத் திறக்கச் சொன்னது. அறை எடுத்திருந்தவன் பின்பக்கமாக ஓடிவிட்டான். கட்டிலுக்கு அடியில் ஒரு பவுடர் பொட்டலத்தைப் பெரியம்மா பார்க்கவே எடுத்தார்கள். அறையில் மிச்சமிருந்தது அவன் பெண்டாட்டி மட்டும்தான். மரக்காணம் பக்கத்துப் பெண். ஊர் சுற்றும் புருஷனை எப்படியாவது வீட்டுக்கு அழைத்துப் போய்விடலாம் என்று, கைக்குழந்தையைத் தன் அம்மாவிடம் விட்டுவிட்டு அன்று காலைதான் வந்திருக்கிறாள். பெண்ணைப் பெண்தான் சோதிக்க வேண்டும் என்பது சட்டமாம். வந்தவர்களில் பெண் போலீஸ் இல்லை. துடைப்பமும் கையுமாக நின்ற பெரியம்மாவை அவளோடு பாத்ரூமுக்குள் அனுப்பினார்கள். ஜாக்கெட்டுக்குள் கைக்குத் தட்டுப்பட்டது மடித்து வைத்த ஒரு துணி. பால் கட்டிக் கசிந்து தொப்பலாக நனைந்திருந்தது. வேறொன்றும் இல்லை என்று வெளியே வந்து சொன்னாள். சரி என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டு, அந்தப் பெண்ணை ஜீப்பில் ஏற்றிப் போனார்கள்.

கோர்ட்டிலிருந்து சம்மன் வந்தபோதுதான் மகஜரில், அதாவது கைப்பற்றியதற்கு அவர்கள் எழுதி வைத்திருந்த பத்திரத்தில், என்ன இருக்கிறது என்று எங்களுக்குத் தெரிந்தது. பொட்டலத்தை அவள் ஜாக்கெட்டுக்குள்ளிருந்து பெரியம்மாதான் எடுத்துக் கொடுத்தாளாம். ஒளித்து வைத்தது நானே என்று அந்தப் பெண்ணும் தானாக முன்வந்து ஒப்புக்கொண்டாளாம். எழுதியிருக்கிறபடியே சொல்லிவிட்டு வரட்டும் என்று லாட்ஜ் முதலாளி ஆள் விட்டுச் சொன்னார்.

எனக்குப் பயம் கூடப்பிறந்தது. வீட்டு வாசலில் பைக் நின்றாலே விளக்கை அணைத்துவிடுவேன். வேலை போய்விடும், நம் மேலேயே கேஸைத் திருப்புவார்கள், சிங்கப்பெருமாள் கோயில் கம்பெனியில் என் வேலைக்கும் உலை வைப்பார்கள் என்று பெரியம்மாவிடம் தினமும் புலம்பினேன். அவள் மட்டும் என்ன வீராங்கனையா? சோறு இறங்காமல் கிடந்தாள். ஒருநாள் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, "அந்தப் பொண்ணுக்கு எத்தினி வருசம்டி போடுவாங்கோ?" என்று கேட்டாள். பத்துக்குக் குறையாது என்றேன். அவள் எழுந்து தட்டைக் கழுவப் போனாள்.

செங்கல்பட்டு கோர்ட்டு வராந்தாவில் அந்தப் பெண்ணின் வக்கீல் எங்களைத் தேடி வந்தார். போலீஸிடம் சொன்ன ஒப்புதல் இங்கே நிற்காது, மிச்சமிருப்பது பொட்டலத்தை எடுத்ததாக எழுதியிருக்கிற உங்கள் பெரியம்மாவின் கைதான் என்றார். பெரியம்மா முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு கூண்டில் ஏறினாள். பொட்டலத்தை நீதானே எடுத்தாய் என்று அரசு வக்கீல் கேட்டதற்கு இல்லை என்றாள். அவர் உடனே அவளைப் பிறழ் சாட்சி என்று சொல்லிவிட்டுக் குரலை உயர்த்தினார். அப்படியானால் இந்தக் கையெழுத்து யாருடையது, பொய் சொன்னால் ஜெயில் தெரியுமா என்றார்.

"கையெழுத்து என்னுதுதான் ஐயா. நான் போடசொல்ல அதுல ஒண்ணும் எழுதல, வெறுந்தாளா இருந்துச்சு," என்று நீதிபதியைப் பார்த்துச் சொன்னாள். "அவ மாருல இருந்தது பவுடர் இல்ல, பால் துணி. நானும் புள்ள பெத்தவதான், எனுக்குத் தெரியாதா?"

மறுநாளே லாட்ஜில் வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். இப்போது ஒரு மெஸ்ஸில் பாத்திரம் தேய்க்கிறாள். எந்தக் காகிதம் வந்தாலும், கேஸ் சிலிண்டர் ரசீதாக இருந்தாலும்கூட, என்னை முழுசாகப் படித்துக் காட்டச் சொல்லிவிட்டுத்தான் பேனாவைத் தொடுகிறாள்.

அந்தப் பெண்ணுக்குக் கடைசிவரை ஜாமீன் கிடைக்கவில்லை. விடுதலை என்று தீர்ப்பு வந்த மறுநாள், பார்த்தே ஆக வேண்டும் என்று பெரியம்மா என்னை ஜெயில் வாசலுக்கு இழுத்துக்கொண்டு போனாள். அந்தப் பெண்ணின் அம்மாவும் வந்திருந்தாள். அன்று கைக்குழந்தையாக இருந்தது இப்போது பாட்டியின் கையைப் பிடித்துக்கொண்டு தன் காலில் நின்றது. கதவு திறந்து, ஒரு கட்டைப் பையோடு அந்தப் பெண் வெளியே வந்தாள். மெலிந்திருந்தாள். பெரியம்மா அழுதுகொண்டே இரண்டு கையையும் நீட்டியபடி ஓடினாள். தன்னை நோக்கி வருகிற கைகளைப் பார்த்ததும் அந்தப் பெண் சட்டென்று பையைக் கீழே வைத்தாள். கால்களை அகட்டி, இரண்டு கைகளையும் பக்கவாட்டில் விரித்து, சோதனைக்கு நிற்பதுபோல் எதிர்ச்சுவரைப் பார்த்து நின்றாள்.

"கைய எறக்கிக்கோ கண்ணு," என்றாள் பெரியம்மா. "நான் உன்ன கட்டிக்கதான் வந்தேன்."

அந்தக் கைகள் இறங்க வெகுநேரம் ஆயிற்று.