சுகுணா வீட்டுக்கு வந்த சிறுத்தை

நல்லம்பள்ளியிலிருந்து மலையடிவாரம் போகிற மண்பாதையின் கடைசியில், காட்டோரமாகத் தனித்து நிற்கிறது சுகுணாவின் ஓட்டு வீடு. கணவன் முருகேஷ் லாரி ஓட்டப் போன இடத்தில் விபத்தில் இறந்து வருடங்கள் ஆகிவிட்டன. மகன் அருண்குமாருக்கு ஓசூரில் கம்பெனி வேலை. ஞாயிற்றுக்கிழமை போன் செய்வான். சாப்பிட்டாயா, மாத்திரை போட்டாயா என்று கேட்பான். ஆச்சு என்பாள். அதற்குமேல் இருவருக்கும் பேச்சு ஓடாது. மற்ற நாட்களில் அவள் குரலைக் கேட்டவை பட்டியில் இருந்த வெள்ளாடுகளும் சின்னான் என்ற செவலை நாயும்தான்.

தை மாதத்து விடியலில் பால் பீய்ச்சப் போனவள் பட்டியின் படல் சரிந்து கிடப்பதைப் பார்த்தாள். இரண்டு ஆடுகள் கழுத்தில் கடிபட்டுச் செத்துக் கிடந்தன. அவள் போட்ட சத்தத்தில் பக்கத்து நிலத்துக் காளியப்பன் ஓடிவந்தார். குனிந்து பார்த்துவிட்டு, சிறுத்தைதான் என்றார்.

நீ ஏதும் பார்த்தாயா என்று கூடியவர்கள் கேட்டார்கள். அவள் எதையும் பார்க்கவில்லை. ஆனால் அத்தனை முகங்கள் தன்னையே பார்த்துக்கொண்டிருந்தபோது, இல்லை என்று சொல்ல வாய் வரவில்லை. பெரிதாக ஏதோ தாண்டிய மாதிரி இருந்தது என்றாள். சாயங்காலம் வந்தவர்களிடம் சொல்லும்போது அதற்கு நீண்ட வால் முளைத்திருந்தது.

கால்நடை மருத்துவர் சுசித்ரா அன்று காலையிலேயே வந்திருந்தார். ஆடுகளைத் தொடவோ கழுவவோ வேண்டாமென்று சொல்லி, கடிவாயைப் பஞ்சுக் குச்சிகளால் துடைத்துச் சின்னச் சின்னக் குப்பிகளில் போட்டு மூடினார். எதற்கு என்று சுகுணா கேட்டாள்.

“கடிச்சதோட எச்சில் இதுல இருக்கும்மா. கடையில சோப்பு டப்பா பின்னாடி கோடு கோடா இருக்குமே, அதைக் காட்டினா மெஷின் என்ன பொருள்னு சொல்லுது இல்லைங்களா? அந்த மாதிரி ஒவ்வொரு உயிருக்கும் மரபணுவுல ஒரு சின்னத் துண்டு இருக்கு. அதைப் படிச்சா சிறுத்தையா, வேறெதாவதான்னு சொல்லிரலாம்.”

குப்பிகள் வெளியூர் ஆய்வகத்துக்குப் போயின. முடிவு வர வாரக்கணக்கானது.

அந்த வாரங்களில் சுகுணாவின் வீடு ஆள் புழங்கும் வீடானது. வனக் காவலர்கள் மரத்தில் கேமரா கட்டிவிட்டு, தினமும் வந்து பார்த்துவிட்டு டீ குடித்துப் போனார்கள். தனியாக இருக்காதே என்று காளியப்பனின் மனைவி பொழுது சாயும்போது வந்து உட்கார்ந்தாள். அருண்குமார் லீவு போட்டு வந்தான். அவனுக்குப் பிடித்த களியும் கீரைக் கடைசலும் செய்தாள். சாப்பிட்டுக்கொண்டே அவன் வேலையைப் பற்றி, மேஸ்திரியைப் பற்றி, ரூமில் தண்ணீர் வராததைப் பற்றியெல்லாம் பேசினான். அடுத்த ஞாயிறும் வருகிறேன் என்று சொல்லிவிட்டுத்தான் பஸ் ஏறினான்.

அந்த ஞாயிறு வருவதற்குள் முடிவு வந்துவிட்டது. சுசித்ராவே நேரில் வந்து சொன்னார். இரண்டு ஆடுகளையும் கடித்தது நாய். சிறுத்தையின் தடம் எந்தக் குப்பியிலும் இல்லை.

காவலர்கள் கேமராவைக் கழற்றிக்கொண்டு போனார்கள். காளியப்பனின் மனைவி வருவது நின்றது. நீண்ட வாலைப் பற்றி டீக்கடையில் சிரித்துக்கொண்டதாகச் சுகுணாவின் காதுக்கு வந்தது. மகனுக்குப் போன் செய்தாள். “நாய்தானேம்மா, அப்ப பயமில்ல” என்றான். ஓவர்டைம் இருக்கிறது, இன்னொரு வாரம் வருகிறேன் என்றான்.

காளியப்பன் மட்டும் வந்தார். வாசலிலேயே நின்றார்.

“சுகுணா, வெளி நாய் வந்திருந்தா உன் நாய் கொரைச்சிருக்குமில்ல? அன்னிக்கு ஏன் கொரைக்கல? ரத்த ருசி கண்டது வுடாது. நாளைக்கு என் பட்டிக்கு வரும். ஒரு முடிவு பண்ணு.”

அவள் மாட்டாஸ்பத்திரிக்கு நடந்தே போனாள். அந்தத் துண்டைப் படித்து எந்த நாய் என்று சொல்ல முடியுமா என்று கேட்டாள். முடியாது என்றார் சுசித்ரா. நாய் என்கிற வரைக்கும்தான் அது சொல்லும். எல்லா நாய்க்கும் ஏறக்குறைய அதே துண்டுதான். குறிப்பிட்ட ஒரு நாயைக் கண்டுபிடிக்க வேறு சோதனை உண்டு, ஆனால் ஆட்டுக்காக யாரும் அதைச் செய்யமாட்டார்கள்.

திரும்பி வந்து சின்னானைச் சங்கிலியில் கட்டினாள். அது முனகிக்கொண்டே கிடந்தது. சில நாள் பொறுத்து, ஒரு மத்தியானம் அவிழ்த்துவிட்டுப் பின்னாலேயே போனாள். அது நேராக ஓடைப் பள்ளத்துக்குப் போனது. கோழிக்கடைக் கழிவைக் கொண்டுவந்து கொட்டுகிற இடம் அது. அங்கே ஏழெட்டு நாய்கள் கிடந்தன. ஒன்றும் சின்னானைப் பார்த்து உறுமவில்லை. வாலாட்டி எழுந்து, முகர்ந்து, நடுவில் இடம் விட்டன. இவை பட்டிக்கு வந்திருந்தால் சின்னான் குரைத்திருக்காது, கூடவே சேர்ந்திருக்கும் என்று அவளுக்குத் தோன்றியது. அவள் மேட்டில் நின்று கூப்பிட்டாள். அது தலையைத் தூக்கிப் பார்த்தது. பிறகு, மெல்லத்தான், மேடேறி வந்தது.

சின்னானை மறுபடி சங்கிலியில் கட்டிவிட்டு, அந்த வாரமே மிச்ச ஆடுகளைச் சந்தைக்கு ஓட்டினாள். அருண்குமார் போனில் கத்தினான். ஒரு நாய்க்காக யாராவது ஆட்டை விற்பார்களா என்றான்.

“ஆட்ட வாங்க ஆளிருக்குது, சாமி. இத யாரு வாங்குவா?” என்றாள்.

சாப்பிட்டாயா என்று கேட்டான் அவன்.

பங்குனி பிறந்ததும் புளி குடோனில் கொட்டை எடுக்கிற வேலைக்குப் போனாள். முதல் நாள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண் புளியைத் தட்டிக்கொண்டே, உங்க வூட்டுக்குச் சிறுத்தை வந்துச்சாமே என்று ஆசையாகக் கேட்டாள். சுற்றியிருந்தவர்களும் திரும்பிப் பார்த்தார்கள்.

“சிறுத்தையில்லீங்க, நாய்” என்றாள் சுகுணா. “நான் ஒண்ணும் பாக்கல. என் நாயாத்தான் இருக்கும்.”

அவர்கள் இன்னும் கொஞ்சம் காத்திருந்தார்கள். பிறகு வேறு ஏதோ பேச ஆரம்பித்தார்கள்.