கதவைத் திறந்தவர் யார்?

போன ஞாயிறு பின்னேரம் எங்கள் டீவி பழுது. மதிலுக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஹாஜியார் கூப்பிட்டார். "டீச்சர், நாடகம் தொடங்கப் போகுது... வாங்கோ!"

ஹாஜியாருக்கு அக்குறணையில் புடவைக் கடை. வீடு மட்டும் கண்டியில், எங்களுக்கு அடுத்ததாக. அன்று புது மருமகனும் வந்திருந்தார்.

நாடகம் இதுதான். கலவர நாளில் அயல்வீட்டுக்காரன் ஓடிவந்து கதவைத் தட்டுகிறான். வீட்டுக்காரர் திறக்கவில்லை. பிறகு, "நான்தான் அவனைக் காப்பாற்றினேன்" என்று ஊரெல்லாம் சொல்லித் திரிகிறார். கடைசியில் — தானே நம்பிவிடுகிறார்!

ஹாஜியாருக்கு வந்ததே கோபம்.

"சீ! இவனெல்லாம் மனுசனா? எண்பத்து மூணுல நான் கதவத் தொறக்கல்லயா? மருமகனுக்குச் சொல்லுங்கோ டீச்சர்!"

எனக்குத் தேத்தண்ணி புரையேறியது.

எண்பத்து மூன்று கலவரத்தில் ரோட்டில் தமிழர் கடைகள் எரிந்துகொண்டிருந்தன. நானும் என் கணவரும் கைக்குழந்தையோடு ஓடிப்போய் ஹாஜியாரின் முன்கதவைத் தட்டினோம். உள்ளேயிருந்து அவர் குரலே பதில் சொன்னது — "ஊட்டுல ஆரும் இல்ல!"

ஆளில்லாத வீடு பேசியதை அன்றுதான் கேட்டேன். சிரிக்கத்தான் முடியவில்லை.

பின்பக்கம் சமைக்கிற குசினிக் கதவைத் திறந்து எங்களை உள்ளே இழுத்தது அவர் மனைவி ஆமினா தாத்தா. (அவர்கள் வழக்கில் தாத்தா என்றால் அக்கா!) கும்பல் வந்தபோது ஹாஜியாரை முன்வாசலுக்குத் தள்ளிவிட்டதும் அவர்தான். ஹாஜியார் நடுங்கிக்கொண்டே அதே வசனத்தைச் சிங்களத்தில் சொன்னார். கும்பல் நம்பிப் போய்விட்டது. நாங்கள் பிழைத்தோம்.

அதைச் சொல்லியே அவர் பெருமைப்படலாம். ஆனால் மனுசருக்கு உள்ளது போதாதே... இல்லையா?

இப்போது மருமகன் என்னையே பார்க்கிறார். உண்மையைச் சொல்வதா, மாமனாரின் மானத்தைக் காப்பதா? நான் வாய் திறப்பதற்குள் ஆமினா தாத்தா முந்திக்கொண்டார்.

"அவருதான் தொறந்த. டீச்சருக்குத் தெரியும்தானே?"

"ஓம்... ஓம்," என்றேன். ஹாஜியார் கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

பிறகு குசினிக்குள் போய் மெதுவாகக் கேட்டேன். "என்ன தாத்தா, இப்பிடிச் சொல்லிப் போட்டீங்கள்?"

தேங்காய் துருவிக்கொண்டே சிரித்தார்.

"அப்பிடியே ஈக்கட்டும் டீச்சர். சண்டை இன்னும் முடியல்லதானே? திரும்ப ஆராவது வந்து தட்டினா... நான்தான் தொறந்தேன்டு நம்பிக்கிட்டு ஈக்கிற மனுசனுக்குத் தொறக்காம ஏலுமா?"

அந்த நாடகத்தை எழுதியவர், எழுதுவதற்கு முன் ஒரு தடவை இந்தக் குசினிக்கு வந்து போயிருக்கலாம்!