கடைசிக் கிராமத்துக்கு ஒரு சாமந்தி மாலை

சாயங்காலமானால் எங்கள் தெருக் கம்பத்து ஒலிபெருக்கியில் ஒரு பெண்குரல், பிள்ளைகளை வீட்டுக்குப் போகச் சொல்லும். ஜப்பானில் நான் இருக்கும் இந்த மலைக் கிராமத்தில் பிள்ளைகளே இல்லை. தோசைக்கல்லைத் துடைத்தபடி நான்தான் கேட்கிறேன். சென்ற பங்குனிக்குப் பிறகு அந்தக் குரல் கிராமத்தின் பேரை விட்டுவிட்டுப் பக்கத்து நகரத்தின் பேரைச் சொல்கிறது. ‘குன்’ என்றால் இங்கே பழைய மாவட்டம் மாதிரி. எங்கள் குன்னில் ஒவ்வொரு கிராமமாக நகரத்தோடு சேர்ந்து, மிச்சமிருந்தது எங்களுடையது ஒன்றுதான். அதுவும் போனதும் குன்னே இல்லாமல் போயிற்று.

எனக்கு இது புதிதா? நான் பிறந்தபோது திருத்தணி சித்தூர் மாவட்டம். விவரம் தெரிவதற்குள் செங்கல்பட்டு ஆனது, பிறகு திருவள்ளூர். ஆனால் அங்கே சும்மா மாறவில்லை. ஊர்வலம், கோஷம் என்று என் நைனா தொண்டை கட்டிப்போய் வீட்டுக்கு வருவாராம். இங்கே ஒருத்தரும் வாய் திறக்கவில்லை.

கிராமக் கொடியை இறக்கும் நாளுக்கு என்னையும் அழைத்தார்கள். மூன்றாம் வகுப்பைத் தாண்டாதவன், துபாயில் பாத்திரம் கழுவி, சிங்கப்பூரில் மாஸ்டராகி, அறுபதுக்கு மேல் இங்கே சொந்தக் கடை போட்டவன் நான். வெளிநாட்டுக்காரனுக்கு இடம் தர எல்லோரும் தயங்கியபோது, கிராமத் தலைவர்தான் தன் பழைய நெல் குடோனைத் திறந்துவிட்டார். அவர் பதவி போகும் நாளில் வெறுங்கையோடு போக என்னால் ஆகுமா? அந்த வாரம் கடைகளிலெல்லாம் சாமந்தி குவிந்திருந்தது. ஏதோ திருவிழா என்று நினைத்து, வெள்ளையும் மஞ்சளுமாக வாங்கி, முழங்கால் வரை தொங்கும்படி நானே நெருக்கிக் கட்டினேன். என் கைக்கு வராத வேலை கிடையாது.

அவர் கழுத்தில் போட்டதும் மண்டபம் அடங்கிவிட்டது. மரியாதை என்று எண்ணி, நான் ஒருவனாகக் கைதட்டினேன். எங்கள் பக்கம் மாலை விழுந்ததும் கழற்றிக் கையில் வாங்கிக்கொள்வார்கள். அவரோ கொடியை மடித்து முடிக்கும்வரை கழற்றவில்லை.

பெருமை தாங்காமல் ஊரிலிருக்கும் மைத்துனனுக்குப் போன் போட்டேன். “அவுங்க ஊரே போயிக்கினு கீது, நீ மாலை போட்டுகினு கீறியா பாவா? ஏன், பட்டாசு கெடைக்கலியா?” என்றான்.

மறுநாள் தலைவர் கடைக்கு வந்தார். எனக்குப் புரியட்டும் என்று மெதுவாகச் சொன்னார்: “இந்தப் பூவை நாங்கள் செத்தவர்களுக்குத்தான் வைப்போம். இது கல்லறைக்குப் போகும் வாரம்.”

நான் இங்கே வந்து ஆறு வருடமாகிறது. ஒரு சாவு வீட்டுக்கும் என்னை யாரும் அழைத்ததில்லை. பின்னே ஏன் கழற்றவில்லை என்று கேட்டேன்.

“எல்லோரும் வாழ்த்துச் சொன்னார்கள். துக்கம் விசாரித்தது நீங்கள் ஒருவர்தான்.”

நான் அதற்காகப் போடவில்லை என்று சொல்ல வாயெடுத்து, டீயை அவர் பக்கம் நகர்த்தினேன்.

மாலையைப் பழைய குன்னின் எல்லைக்கல்லுக்குச் சாத்தியிருப்பதாகச் சொல்லிவிட்டுப் போனார். கடையை அடைத்துவிட்டுப் பார்க்கப் போனேன். எங்கள் பக்கம் கல்லுக்கு மாலை விழுந்தால் அது சாமி. இங்கே அது செத்துப்போன ஒன்று. கல்லறைக்கு முன்னால் இவர்கள் செருப்பைக் கழற்றுவதில்லை. சுற்றிலும் ஆளில்லை. ஒரு காலில் செருப்பைக் கழற்றிவிட்டேன். மற்றதையும் கழற்றுவதா என்று தெரியாமல் அப்படியே நின்றேன்.